கிருபாபாயின் குழாய்க்கு ஒரு பூவாளி

1

இந்தக் கதையை நான் யோசித்துப் பிடிக்கவில்லை. விற்ற சாமான் கடைக்குத் திரும்பி வந்தபோது அதோடு ஒட்டிக்கொண்டு வந்தது.

ஸ்ரீவில்லிபுத்தூரில் குழாயும் பைப்பும் ஃபிட்டிங்ஸும் விற்கிற கடை எனக்கு. பெயர் ஹமீது. ஊரில் 'பைப்புக்கடை பாய்' என்று கேட்டால்தான் வழி சொல்வார்கள். மத்தியானச் சாப்பாட்டுக்குப் பிறகு மூன்றரை மணி வரைக்கும் கடைக்குள் ஈ கூட வராது. அந்த நேரத்தில் கதை எழுதுவேன். இதுவரை மூன்று கதை அச்சில் வந்திருக்கிறது. மூன்றிலும் கடைசியில் யாராவது செத்துப்போவார்கள். ஆள் செத்துவிட்டால் கதை முடிந்தது என்று வாசகர் தகராறு இல்லாமல் ஒத்துக்கொள்கிறார். எழுதுகிறவனுக்கும் சோலி முடிந்தது. இந்தக் கதையில் யாரும் சாகவில்லை. அந்த ஆசையில் வந்தவர்கள் இப்போதே எழுந்து போகலாம், நான் வருத்தப்படமாட்டேன்.

நடந்தது 1992 ஆகஸ்டில். ராஜபாளையத்திலிருந்து ஐயாதுரை அண்ணாச்சி ஒரே வாரத்தில் மூன்று தடவை பஸ் ஏறி என் கடைக்கு வந்தார். மூன்று தடவையும் ஒரு பித்தளை டீயை மேஜையில் டொக்கென்று வைத்தார். (டீ என்பது மூன்று வாய் உள்ள சின்னத் துண்டு, வாய்தோறும் திருகி மாட்டுவதற்கு மரை வெட்டியிருக்கும். ஒரு வாய் வழியாகத் தண்ணீர் வரும், மற்ற இரண்டு வழியாகப் போகும். குடிக்கிற டீயையும் அவருக்கு வாங்கிக் கொடுத்தேன், அது கணக்கில் இல்லை.)

"பாய், இது ஒழுகுது. மரை சரியில்ல."

நானும் மூன்று தடவை மாற்றிக் கொடுத்தேன். எதற்கு டீ என்று மூன்றாவது தடவைதான் கேட்கத் தோன்றியது. நல்ல கடைக்காரன் முதல் தடவையே கேட்டிருப்பான். நல்ல கதைக்காரனும் கேட்டிருப்பான்.

"வீட்டுச் சிங்க்ல ஏற்கெனவே ஒரு குழாய் கெடக்கு. அதுல ஸ்பிரேயர் ஒண்ணு சேக்கணும்," என்றார்.

எங்கள் பக்கம் ஸ்பிரேயர் என்றால் பருத்திக்கு மருந்து அடிக்கிற டப்பா. முதுகில் மாட்டிக்கொண்டு காட்டுக்குள் இறங்குவார்கள். சமையலறைக்குள் அதை வைத்து எந்தப் பூச்சியைக் கொல்லப்போகிறார் என்று நான் முழித்தேன். அவர் பையிலிருந்து சாமானை எடுத்துக் காட்டினார். ஒரு கைப்பிடி, அதில் அமுக்குகிற விசை, நுனியில் பொடிப்பொடி ஓட்டை, பின்னால் ரெண்டு முழ டியூப். அட, இது என் கடைச் சாமான். என் மச்சான் ஹுமாயூன் துபாயிலிருந்து கொண்டுவந்து, "வச்சுப் பாருங்க மச்சான், பிச்சுக்கிட்டுப் போகும்" என்று தந்தது. ஒன்றரை வருஷம் கண்ணாடிக்குள் தூசி தின்றுகொண்டு கிடந்தது. போன மாதம் ஒரு வெள்ளிக்கிழமை நான் ஜும்ஆவுக்குப் போயிருந்தபோது என் மனைவி நூர்னிசா அதை விற்றிருக்கிறாள். என்னிடம் சொல்லவும் சொன்னாள். நான் காதில் வாங்கவில்லை.

2

முதல் தொடக்கம்:

'ராஜபாளையத்துக்கு மேற்கே மலை நீலமாக எழுந்து நிற்கிறது. அய்யனார் கோவில் பக்கம் அருவி கொட்டுகிற சத்தம்...'

சிங்க்கிலிருந்து பார்த்தால் மலை தெரியாது. பக்கத்து வீட்டுச் சுவர்தான் தெரியும். விட்டுவிட்டேன்.

இரண்டாவது தொடக்கம்:

'நீர் என்பது பெண்ணின் மனம். அது எப்போது...'

இதை நூர்னிசா படித்தாள். அடுக்களைக்குள் போய்ச் செத்த நேரம் சிரித்துவிட்டுத் திரும்பி வந்தாள். விட்டுவிட்டேன்.

மூன்றாவது தொடக்கம்:

'கிருபாபாயின் வலது கையில் மிச்சம் இருப்பவை இரண்டே விரல்கள்.'

இது நிற்கிறது. நிற்பதால் சந்தேகமாகவும் இருக்கிறது. கதையின் முதல் வரியிலேயே ஒரு பெண்ணின் கையைக் காட்டி அனுதாபம் வாங்குகிற வேலை இது. [தெரிந்தேதான் செய்கிறேன்.] ஆனால் விரல்கள் போனது நிஜம். நான் எடுக்கவில்லை.

3

கிருபாபாய் ஐயாதுரையின் மனைவி. முப்பத்துநாலு வயது. இரண்டு பேரும் ராஜபாளையத்தில் ஒரே நூற்பு மில்லில் வேலை பார்த்தவர்கள். 1991 ஜனவரியில் பஞ்சைச் சீவுகிற கார்டிங் மிஷினுக்குள் கிருபாபாயின் வலக்கை போனது. கட்டைவிரலும் சுண்டுவிரலும் திரும்பி வந்தன, நடுவில் இருந்த மூன்றும் வரவில்லை. அதற்குப் பிறகு அவர் மில்லுக்குப் போகவில்லை.

சமைப்பது, பெருக்குவது, துணி மடிப்பது எல்லாம் ஒரு வருஷத்தில் இடக்கைக்குப் பழகிவிட்டது. பழகாதது ஒன்றே ஒன்று. பெரிய பாத்திரத்தைச் சிங்க்கில் கிடத்தித் தேய்த்துவிடலாம். தேய்த்ததை அலசவேண்டுமே. தூக்கிக் குழாய்க்கு நேரே பிடித்துத் திருப்பித் திருப்பிக் காட்டுவதற்கு இரண்டு கை வேண்டும். ஒற்றைக் கையில் சோப்புத் தண்ணீரோடு குண்டான் நழுவும். இரண்டு தடவை காலில் விழுந்தது.

(சொம்பால் மொண்டு ஊற்றினால் ஆகாதா என்று கேட்க வாசகருக்கு உரிமை உண்டு. ஊற்றிப் பார்த்திருக்கிறார். ஒரு கறிச்சட்டிக்கு இருபத்தேழு சொம்பு. அப்புறமும் எண்ணெய்ப் பிசுக்கு போகவில்லை.)

ஆகவே ஞாயிறுதோறும் ஐயாதுரையின் அக்காள் தங்கபாய் வத்திராயிருப்பிலிருந்து பஸ்ஸில் வந்து, வாரம் பூராவும் சேர்ந்த பெரிய பாத்திரங்களைக் கழுவிக் கவிழ்த்துவிட்டுப் போவார். விதவை. ஒரே மகன். தம்பி மேல் உயிர். இதுவரைக்கும் குற்றம் சொல்ல ஒன்றும் இல்லை.

ஆனால் பாத்திரம் கழுவ வருகிறவர் பாத்திரத்தோடு நிற்பாரா? உப்பு ஜாடி மேல்தட்டுக்குப் போனது. அரிசி டின் கட்டிலுக்கு அடியில் போனது. சர்ச்சில் ஆராதனை முடிந்து எல்லாரும் வெளியே நிற்கும்போது, "கை முடியாத பிள்ளை" என்று சொல்லிக் கிருபாபாயின் சேலைத் தலைப்பை இழுத்துச் சரிசெய்தார். தலைப்பு ஏற்கெனவே சரியாகத்தான் இருந்தது. ஆகஸ்டில் ஒரு ஞாயிறு புறப்படும்போது, "வாரம் ஒருக்கா வந்து போறதுக்கு நான் இங்கயே இருந்துருதேன். அடுத்த வாரம் ஜாமானோட வாரேன்" என்றும் சொல்லிவிட்டார்.

அன்றைக்கு ராத்திரிச் சாப்பாட்டில் கிருபாபாய் புருஷனிடம் சொன்னார்:

"மதினி இங்க வந்து இருந்தாகன்னா பொறவு நான் விருந்தாளி. என் வீட்டுல நான் விருந்தாளியா இருக்க மாட்டேன், சொல்லிட்டேன்."

"அக்கா ஒனக்கு ஒத்தாசையாத்தானட்டி வருதா?"

"பாத்திரத்த நானே கழுவுதேன். கழுவிட்டா என்ன சொல்லிட்டு வருவாக?"

இதெல்லாம் எனக்கு எப்படித் தெரியும்? நூர்னிசா சொன்னாள். ஜூலையில் கடைக்கு வந்து கண்ணாடிக்குள் கிடந்த ஸ்பிரேயரைக் காட்டி, "அந்தப் பூவாளி எம்புட்டு?" என்று கேட்டு வாங்கிப்போனது கிருபாபாய்தான். தூக்க முடியாத பாத்திரம் குழாய்க்கு வரவேண்டாம், தண்ணீர் பாத்திரத்துக்கு வரட்டும் என்று கண்ணாடிக்கு வெளியே நின்றே அவர் யோசித்து முடித்துவிட்டார். வாங்கிப்போன சாமானை ஐயாதுரை ஒரு மாதம் பரண்மேல் போட்டுவைத்திருந்தார். தங்கபாய் நாள் குறித்த பிறகுதான் அது கீழே இறங்கியது. ராத்திரிச் சாப்பாட்டில் பேசியதை அந்த வாரமே கிருபாபாய் நூர்னிசாவிடம் சொல்லியிருந்தார். எனக்குக் கிடைத்தது மூன்றாம் கைச் சரக்கு. கொஞ்சம் மெருகு ஏற்றியிருக்கிறேன்.

4

இப்போது ஐயாதுரை.

மில்லில் ஃபிட்டர். ஃபிட்டர் என்றால் உலகத்தில் உள்ள எல்லாவற்றையும் மாட்டத் தெரிந்தவர் என்று அவர் நினைக்கிறார். உண்மையில் அவர் பார்ப்பது நூல் சுற்றுகிற ஸ்பிண்டில் மட்டும். மில்லில் பைப் வேலைக்கு வேறு ஆள் உண்டு. அந்த ஆளை இவர் மதிப்பதில்லை.

வேலை ஒன்றும் பெரிய வித்தை இல்லை. சுவரிலிருந்து பழைய குழாயைக் கழற்றவேண்டும். அந்த இடத்தில் டீயை மாட்டவேண்டும். டீயின் ஒரு வாயில் பழைய குழாய், இன்னொரு வாயில் திறந்து மூடுகிற ஒரு அடைப்பான், அடைப்பானிலிருந்து டியூப், டியூப் நுனியில் ஸ்பிரேயர். மூன்று மரைகளிலும் தண்ணீர் கசியாமல் இருக்க ஏதாவது சுற்றி இறுக்கவேண்டும். நான் டெஃப்லான் டேப் கொடுத்தேன்.

"இந்த ரிப்பனை உம்ம மக தலையில கட்டும் பாய்," என்றார். "நம்மகிட்ட நூல் இருக்கு."

மில்காரர்கள் எதற்கும் நூல் சுற்றுவார்கள். கம்மல் திருகாணி லூசா, நூல். குடைக் கம்பி ஆடுதா, நூல். ஐயாதுரையின் சட்டைப்பையில் எப்போதும் நாற்பதாம் நம்பர் நூல் ஒரு சின்னக் கட்டையில் இருக்கும். மூன்று மரைகளிலும் நூல் சுற்றினார், வெள்ளை லெட் பசையைத் தடவினார், ஸ்பானரை வைத்துப் பல்லைக் கடித்து இறுக்கினார். திறந்தால் மூன்று இடத்திலும் ஒழுகியது. பழியை டீயின் மேல் போட்டுக்கொண்டு பஸ் ஏறினார். அடுத்த டீக்கும் அப்படியே, அதற்கடுத்ததற்கும் அப்படியே. நாலாவதும் ஒழுகியது. ஒழுகுகிற சிங்க்குக்கு அடியில் வாளி வைத்து, கிருபாபாய் ஒற்றைக் கையால் அதைத் தூக்கிக் கொட்டிக்கொண்டிருந்தார். ஞாயிற்றுக்கு இன்னும் நான்கு நாள்.

5 (இந்தப் பகுதியை அடித்துவிட்டேன். அடித்த கோட்டுக்குக் கீழே என்ன இருந்தது என்று மட்டும் சொல்கிறேன்)

முதல் படியில் அந்தக் கார்டிங் மிஷினை அதற்கு முதல் நாள் ரிப்பேர் பார்த்தவர் ஐயாதுரை என்று எழுதியிருந்தேன். அட்டகாசமாக வந்திருந்தது. அவர் ஸ்பானர் பிடித்து இறுக்கும்போதெல்லாம் அந்தக் குற்ற உணர்ச்சி... புருஷன் மனைவிக்கு விரல்களைத் திருப்பித் தருவதுபோல... இப்படி இரண்டு பக்கம். எழுதும்போது எனக்கே கண் கலங்கியது.

பொய். அவர் ஸ்பிண்டில் பார்க்கிறவர் என்று ஒரு பக்கத்துக்கு முன்னால் நானே எழுதியிருக்கிறேன். இல்லாத பாவத்தை ஒரு மனுஷன் தலையில் வைத்து அதில் நான் பேர் வாங்கப் பார்த்தேன். அவருடைய குற்றம் ஒன்றுதான், தன் கை தப்புச் செய்யும் என்று அவருக்குத் தோன்றவே தோன்றாது. இந்தக் குற்றம் என் வீட்டிலும் இருக்கிறது என்று நூர்னிசா ஓரத்தில் எழுதிவைத்திருந்தாள்.

6

சனிக்கிழமை நானே ஐந்தாவது டீயை எடுத்துக்கொண்டு ராஜபாளையம் போனேன். சேவை மனப்பான்மை இல்லை. 'பைப்புக்கடை பாய் ஓட்டைச் சாமான் விற்கிறார்' என்று மில் வாசலில் பேச்சு கிளம்பிவிட்டதாகத் தகவல் வந்தது.

ஐயாதுரை பாதி வேலையில் இருந்தார். டீயை வாங்கி வெளிச்சத்தில் பிடித்து மரையைப் பார்த்தார், ஊதினார், நூலை எடுத்தார். அந்த நேரம் பார்த்து மில்லிலிருந்து சங்கிலிப்பாண்டி என்று ஒருவர் சைக்கிளில் வந்து, ஏதோ ஃபிரேம் நின்றுபோச்சு, உடனே வரச்சொன்னாக என்றார். ஐயாதுரை கையைத் துடைத்தார்.

"பாய், செத்த நேரம் இருங்க, வந்துருதேன். எதையும் தொட்டுறாதீக."

போய்விட்டார். சிங்க்குக்கு மேலே சுவரில் ஓட்டை. மாடித்தொட்டியின் வால்வு அடைத்திருக்கிறது, அதனால் வீட்டில் சொட்டுத் தண்ணீர் இல்லை. சமையலறையில் கிருபாபாய். நான் வாசல் பக்கத்து நாற்காலியில். புருஷன் இல்லாத வீட்டில் அடுக்களைக்குள் நுழைகிற பழக்கம் எங்கள் ஊரில் கிடையாது. நாற்காலியிலிருந்து பார்த்தால் சிங்க் நேராகத் தெரியும், அது போதும்.

இனி வருகிற இடத்தை இரண்டு விதமாக எழுதினேன். முதல் விதம்:

'ஹமீது கழற்றிய டீயை உற்றுப் பார்த்தான். அவனுடைய அனுபவம் மிக்க கண்கள் ஒரு நொடியில் தவறைக் கண்டுபிடித்தன. "தங்கச்சி, நூலை எதிர்ப்பக்கமாகச் சுற்று" என்றான் அவன் கனிவாக.'

"ஏங்க," என்றாள் நூர்னிசா. "நீங்க எந்தக் காலத்துல ஒரு குழாய் மாட்டுனீக? நம்ம வீட்டுக் குழாய்க்கே ஆள் வச்சுத்தான செய்யுறோம்?"

பதினோரு வருஷம் மரை உள்ள சாமானை விற்றிருக்கிறேன். ஒரு மரையில் நூல் சுற்றினதில்லை. அது ஏன் ஒழுகியது என்று அன்றைக்கு எனக்குத் தெரியாது. இதுதான் உண்மை. இதை எழுதுவதற்கு எனக்கு மூன்று மத்தியானம் ஆனது.

7

இரண்டாவது விதம், நடந்தது.

கிருபாபாய் செத்த நேரம் சுவர் ஓட்டையைப் பார்த்துக்கொண்டு நின்றார். பிறகு பழைய டீயை எடுத்தார். மரையின் வாயில் நூல் அவிழ்ந்து வெளியே வந்து மீசைபோலத் தொங்கியது. அதை விரலால் சுண்டினார்.

"பாய், இது எல்லாத்துலயும் இப்படி வெளிய வந்து கெடக்கு. உள்ள நிக்கல, பாத்தீகளா?"

"அண்ணாச்சி வந்துரட்டுமே," என்றேன்.

"அவிய வந்தா இன்னொரு மீசை வரும். அம்புட்டுத்தான்."

புது டீயை வலக்கையின் கட்டைவிரலுக்கும் சுண்டுவிரலுக்கும் நடுவில் இடுக்கிக்கொண்டார். இடக்கையால் நூலைச் சுற்றினார். பதினைந்து வருஷம் நூலில் கிடந்த கை. மில்லில் எல்லாரும் சுற்றுவதுபோலத்தான், நூலைத் தன் பக்கமாக இழுத்து இழுத்துச் சுற்றினார். பசை தடவி, சுவர் ஓட்டையில் வைத்துத் திருகினார். நூல் வெளியே வரவில்லை. திருகத் திருக மரைக்குள் இறுகி உள்ளே போனது.

"ஏ, உள்ள போகுதே!" என்றார். எனக்குச் சொல்லவில்லை, தனக்குத்தான்.

காரணம் அப்புறம்தான் புரிந்தது. மரையை எந்தப் பக்கம் திருகி இறுக்குகிறோமோ அதற்கு இசைவாக நூலைச் சுற்றவேண்டும். எதிராகச் சுற்றினால் இறுக்க இறுக்க அவிழும். வலக்கைக்காரர் தன் பக்கமாக இழுத்துச் சுற்றினால் அது எதிர்த் திசை. ஐயாதுரை இருபது வருஷம் அப்படித்தான் சுற்றியிருக்கிறார். கம்மல் திருகாணிக்கும் குடைக்கம்பிக்கும் அது பாதகமில்லை, தண்ணீருக்குப் பாதகம். அதே பழக்கம் இடக்கைக்கு மாறும்போது சாமான் வலக்கைக்குப் போய்த் திசையும் மாறிவிடுகிறது.

ரொம்ப வசதியாக இருக்கிறதே, கதைக்காக ஜோடித்ததா என்று நீங்கள் கேட்பீர்கள். எனக்கும் அந்தச் சந்தேகம் வந்தது. கடையில் உட்கார்ந்து, இரண்டு முனையிலும் மரை உள்ள நாற்பது நிப்பிளில் வலக்கையாலும் இடக்கையாலும் மாற்றி மாற்றிச் சுற்றிப் பார்த்தேன். நிஜம்தான். நம்பாதவர்கள் ஒரு நிப்பிளும் ஒரு நூல்கண்டும் வாங்கிச் சுற்றிப் பாருங்கள். நிப்பிள் என் கடையில் கிடைக்கும்.

இறுக்கும்போது மட்டும் கொஞ்சம் சிரமப்பட்டார். ஸ்பானரை இடக்கையில் பிடித்து, அதன் மேல் வலது முழங்கையை வைத்து உடம்பால் அழுத்தினார். நான் பாதி எழுந்தேன்.

"நீங்க உக்காருங்க பாய்."

உட்கார்ந்தேன். பழைய குழாய், அடைப்பான், டியூப் என்று ஒவ்வொன்றாக ஏறின. மாடிக்குப் போய் வால்வைத் திறந்துவிட்டு ஓடிவந்தார். மூன்று மரைகளுக்கும் கீழே உள்ளங்கையை வைத்துப் பார்த்தார். காய்ந்து கிடந்தது. ஸ்பிரேயரை எடுத்துச் சிங்க்குக்குள் நீட்டி விசையை அமுக்கினார். தண்ணீர் பூப்பூவாக விழுந்தது. சின்னப் பிள்ளைபோல விட்டுவிட்டு அமுக்கினார், அமுக்கி அமுக்கி விட்டார். பிறகு முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டார். முகத்தில் தண்ணீர் தெறிக்கவில்லை, நான் பார்த்துக்கொண்டுதானே இருந்தேன். எனக்கு அந்த நேரம் ரொம்ப சந்தோஷமாக இருந்தது. இதை வேறு விதமாகச் சொல்லத் தெரியவில்லை.

ஒரு மணி நேரம் கழித்து ஐயாதுரை வந்தார். குனிந்து பார்த்தார், தடவிப் பார்த்தார், நிமிர்ந்தார்.

"பாத்தீரா பாய்? நான் சொல்லலியா? அஞ்சாவது டீ நல்ல டீ."

நான் கிருபாபாயைப் பார்த்தேன்.

"ஆமா, நல்ல டீ," என்றார் கிருபாபாய். "பாய், நாளைக்கு மத்தியானம் இங்க சாப்பிட வாங்க. கறி ஒங்காளு கடையிலதான் வாங்குதோம்."

8

ஞாயிறு. இந்தப் பகுதியில் பிழை இருந்தால் பொறுத்துக்கொள்ளுங்கள்.

நான் போய்ச் சேர்ந்தபோது தங்கபாய் வந்திருந்தார். பச்சைத் தகரப்பெட்டி ஒன்று வாசல்படியில் குறுக்கே இருந்தது. தாண்டித்தான் உள்ளே போனேன். மூன்று கதை எழுதிய மூளை அல்லவா, என் மனசுக்குள் அவரை ஏற்கெனவே ஒரு பொல்லாத நாத்தனாராகச் செய்து வைத்திருந்தேன். தடித்த உடம்பு, உருட்டுகிற கண். உள்ளே இருந்தது ஒல்லியான, பல் கொஞ்சம் எடுப்பான, அறுபது வயதுப் பெண்மணி. "வாங்க தம்பி, வெயில்ல வந்திருக்கீக" என்று விசிறி எடுத்துக் கொடுத்தார். எனக்குப் பெரிய ஏமாற்றம்.

சாப்பிட்டோம். கறிச்சட்டி, சோத்துக்குண்டான், ரசப் பாத்திரம் எல்லாம் சிங்க்குக்குப் போயின. எனக்கு ஒரு டம்ளர் டீ வந்தது. தங்கபாய் கொண்டையை முடிந்துகொண்டு எழுந்தார்.

"இருங்க மதினி," என்றார் கிருபாபாய்.

ஐயாதுரைக்குப் பொறுக்கவில்லை. "அக்கா, இங்க பாரு!" என்று ஸ்பிரேயரைப் பிடுங்கி அமுக்கினார். காலண்டர் நனைந்தது, என் வெள்ளைச் சட்டை நனைந்தது, டீக்குள்ளும் கொஞ்சம் விழுந்தது. கிருபாபாய் அதை அவர் கையிலிருந்து வாங்கினார். தேய்த்த கறிச்சட்டியைச் சிங்க்கில் சாய்த்து, வலக்கையின் இரண்டு விரலால் விளிம்பைப் பிடித்துத் திருப்பினார், இடக்கையால் அடித்தார். பிறகு குண்டான். பிறகு ரசப் பாத்திரம். பத்து நிமிஷம். மூன்றையும் மேடையில் கவிழ்த்தார்.

தங்கபாய் கறிச்சட்டியை நிமிர்த்தி உள்ளே விரலால் தடவிப் பார்த்தார். விரலை விரலோடு தேய்த்தார். பிசுக்கு இல்லை.

"நல்லாத்தான் இருக்கு," என்றார். பிறகு, "ஏட்டி கிருபா, இது என்னிக்கும் இப்படியே வேல செய்யுமா?"

"செய்யும் மதினி. ஒழுகாது."

"அப்போ நல்லதுதான்."

கொண்டையை அவிழ்த்து மறுபடி முடிந்தார். யாரையும் பார்க்காமல், கவிழ்த்த பாத்திரங்களைப் பார்த்துக்கொண்டு சொன்னார்:

"எம் மவன் திருப்பூருக்குப் போறான். பனியன் கம்பெனியில வேலயாம். வத்திராயிருப்பு வீட்டக் காலி பண்ணியாச்சு. நேத்தே ஜாமானெல்லாம் லாரியில போயிருச்சு. என்னிய வான்னு அவனும் சொல்லல, மருமகளும் சொல்லல. நான் தெருவுல எல்லார்ட்டயும், தம்பி வீட்டுல கை முடியாத பிள்ள இருக்கு, நான் இல்லாம அங்க ஒரு பாத்திரம் கழுவ ஆளில்ல, அதான் போறேன்னு சொல்லிட்டு வந்தேன்." நிமிர்த்திய கறிச்சட்டியை மறுபடி கவிழ்த்தார். "இப்ப என்ன சொல்லிட்டு இங்க இருக்க?"

ஐயாதுரை, "தொட்டியில தண்ணி இருக்கான்னு பாத்துட்டு வாரேன்" என்று மாடிப்படி ஏறிப் போய்விட்டார்.

நான் டீயை அப்படியே வைத்துவிட்டு, யாரிடமும் சொல்லிக்கொள்ளாமல், பெட்டியைத் தாண்டி வெளியே வந்து பஸ் ஏறினேன்.

9

அதற்குப் பிறகு என்ன ஆயிற்று என்று எனக்குத் தெரியாது. நான்கு வருஷம் ஆகிறது. ராஜபாளையம் பதினைந்து நிமிஷத்துக்கு ஒரு பஸ் உள்ள ஊர்தான். போய்க் கேட்டிருக்கலாம். தெரிந்துகொண்டால் கதை செத்துவிடும் என்று கூட்டங்களில் சொல்லிக்கொள்கிறேன். நிஜக் காரணம் பயம். அந்தச் சாமானை விற்றது என் கடை. ஐயாதுரையும் பிறகு கடைக்கு வரவில்லை. ஒழுகினால்தானே வருவார்.

ஆகவே முடிவுகளை நானே செய்து பார்த்தேன்.

முதல் முடிவு: தங்கபாய் நாலரை மணி பஸ்ஸில் திரும்பிப் போகிறார். கிருபாபாய் ஜெயித்துவிட்டார். எழுதி முடித்துப் படித்தபோது, காலி வீட்டுக்கு எங்கே போவார் என்று பேனாவே கேட்டது. கிழித்தேன்.

இரண்டாவது முடிவு: கிருபாபாய் சிங்க்குக்கு அடியில் குனிகிறார். யாரும் பார்க்காமல் இடக்கையால் அடைப்பானை அரைச் சுற்று லூசாக்குகிறார். தண்ணீர் சொட்டுகிறது. "மதினி, இங்க பாருங்க, ஒழுகுது. நீங்க இல்லாட்டி ஆகாது போல" என்கிறார்.

இதை எழுதிவிட்டு எழுந்து நின்று கடைக்குள் நடந்தேன், அவ்வளவு பெருமை. வாசகர் அழுவார், பத்திரிகைக்காரர் பரிசு கொடுப்பார். நூர்னிசாவிடம் படித்துக் காட்டினேன். அவள் கண்ணும் கொஞ்சம் கலங்கியது. கலங்கின கண்ணோடவே கேட்டாள்:

"அவ அம்புட்டுப் பாடுபட்டு மாட்டுனத அவளே எதுக்குங்க கெடுக்கணும்? நல்லவன்னு பேர் வாங்கவா? இதே எடத்துல ஐயாதுரை இருந்தா அவர் கையால கழட்டச் சொல்லுவீகளா?"

சொல்லமாட்டேன். கிழித்தேன்.

மூன்றாவது முடிவு: கிருபாபாய், "பாத்திரத்துக்காக இருக்கவேண்டாம் மதினி, சும்மா இருங்க" என்கிறார். இது நியாயமான முடிவு. ஆனால் சும்மா இருக்கத் தெரிந்தவரா தங்கபாய்? ஒரு வாரத்தில் கிருபாபாய் மறுபடி அந்த வீட்டில் விருந்தாளி. அது வேண்டாம் என்றுதானே வாளி வாளியாகத் தண்ணீர் கொட்டினார்? இந்த வரியை நான் அவர் வாயில் போட்டால், நல்லதனத்துக்கான செலவை அவர் தலையில் கட்டிவிட்டு நான் நல்ல எழுத்தாளன் ஆகிவிடுவேன். இதைக் கிழிக்கவில்லை, முடிக்கவும் இல்லை. 'சும்மா இருங்க' என்பதில் பேனா நிற்கி

10

ஆகவே என்னிடம் முடிவு இல்லை. அன்றைக்கு நான் விட்டுவிட்டு வந்த இடத்திலேயே எல்லாம் இருக்கிறது. ஐயாதுரை மாடியில் தொட்டிக்குள் எட்டிப் பார்த்துக்கொண்டிருக்கிறார், இப்போதைக்கு இறங்கமாட்டார். பெட்டி வாசல்படியில் குறுக்கே கிடக்கிறது. உள்ளே தூக்கி வைப்பதா, வெளியே தூக்கி வைப்பதா என்று யாரும் சொல்லவில்லை. கிருபாபாய் சொல்லவேண்டும். அவர் வீடு.

உங்களுக்கு ஒரு பதில் தோன்றியிருக்கும். நான் இவ்வளவு நேரம் வளவளத்ததில் அது எப்போதோ தோன்றியிருக்கும். தாராளமாகச் சொல்லுங்கள், அதுவே முடிவாக இருக்கட்டும். ஆனால் கொஞ்சம் மெதுவாகச் சொல்லுங்கள். சமையலறை சின்னது, தங்கபாய் இன்னும் அங்கேதான் நிற்கிறார்.